கண்ணாடியின் பின்பக்கம்: ஹ்லேபினே ஓவியர்கள் பற்றிக் கேள்வி பதில்

சென்னையில் படங்களுக்கு பிரேம் போடும் கடை வைத்திருக்கிறேன். பன்னிரண்டு வருடங்களுக்கு முன் ஒருவர் சட்டம் உடைந்த படம் ஒன்றைக் கொண்டுவந்தார். பனி மூடிய வயல், சிவந்த மேகம், ஒரு பசு. "மூலையில் கண்ணாடி கீறியிருக்கிறது, அதையும் மாற்றிவிடுங்கள்" என்றார். ஆணியைக் கழற்றிப் பின் அட்டையை எடுத்த பிறகுதான் தெரிந்தது, உள்ளே படம் என்று தனியாக ஒன்றுமில்லை. கண்ணாடியேதான் படம். நான் அவசரக்காரனாக இருந்திருந்தால் அவருக்கு வெறும் சட்டம்தான் திரும்பப் போயிருக்கும். குரோவேஷியாவில் வாங்கியது என்றார். அன்று பிடித்த பித்து இன்னும் விடவில்லை. பிறகு மகளுக்கு அந்த நாட்டுத் தலைநகர் ஸாக்ரெபில் வேலை கிடைத்தது. மூன்று முறை போய்வந்தேன், கையில் கிடைத்ததையெல்லாம் படித்தேன். இந்த வகைப் படங்களை வரைந்த ஹ்லேபினே கிராமத்து விவசாயிகளைப் பற்றியும், 'நயீவ் ஆர்ட்' என்று சொல்லப்படும் அவர்கள் ஓவியத்தைப் பற்றியும் நம் ஓவிய நண்பர்கள் அனுப்பிய கேள்விகளில் ஒரே மாதிரியானவற்றைச் சேர்த்துவிட்டு பதில் எழுதுகிறேன்.

கேள்வி (மதுரை, கல்லூரி மாணவி): சார், நயீவ் ஆர்ட் என்றால் என்ன? சிறுபிள்ளைத்தனமான ஓவியம் என்று அர்த்தமா?

ஓவியப் பள்ளியில் படிக்காதவர்கள், தங்களுக்குத் தெரிந்த வழியில், ஆனால் முழு ஓவியனின் பிடிவாதத்தோடு வரைந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள். பாரிசில் சுங்கம் வசூலிக்கும் வேலையில் இருந்த ஆன்ரி ரூஸோ 1886 முதல் அங்கே கண்காட்சிகளில் படம் வைத்தார். பார்த்தவர்கள் சிரித்தார்கள். பிக்காசோ போன்றவர்கள் சிரிக்கவில்லை. நயீவ் ஆர்ட் என்ற பேச்சு அங்கிருந்து வளர்ந்தது.

தமிழில் 'வெள்ளந்தி ஓவியம்' என்று சொல்லலாம்தான். ஆனால் எனக்கு அந்தச் சொல் ஒட்டவில்லை. நான் சொல்லப்போகிற ஆட்கள் யாரும் வெள்ளந்தி இல்லை. வரி, கடன், போலீஸ், போர் எல்லாவற்றையும் பார்த்தவர்கள். பெயர் வைத்தவர்களுக்கே குழப்பம் இருந்திருக்கிறது. ஸாக்ரெபில் இவர்களுக்காக 1952-இல் திறந்த கூடத்துக்கு முதலில் 'விவசாயிகள் கலைக்கூடம்' என்று பெயர். சில வருடங்களில் அது 'ஆதிநிலைக் கலைக்கூடம்' ஆனது. 1994 முதல்தான் 'குரோவேஷிய நயீவ் கலை அருங்காட்சியகம்'. சுவரில் மாட்டியிருந்த படங்கள் அதே படங்கள்தான்.

கேள்வி (ஈரோடு, சொந்தத் தறி வைத்திருப்பவர்): எப்படித் தொடங்கியது அண்ணா? ஒரு கிராமமே திடீரென்று வரைய ஆரம்பித்துவிடுமா?

ஆரம்பிக்காது. கதையைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

குரோவேஷியாவின் வடக்கே, ஹங்கேரி எல்லையை ஒட்டி திராவா ஆறு ஓடுகிறது. அதன் கரைச் சமவெளிக்கு போத்ராவினா என்று பெயர். கோதுமை, சோளம், மாடு, பன்றி, சேறு. கொப்ரிவ்னிட்சா என்ற ஊருக்குப் பக்கத்தில் ஹ்லேபினே என்று ஒரு கிராமம். கிறிஸ்தோ ஹெகெதூஷிச் என்ற ஓவியர் (1901–1975) சின்ன வயதில் அங்கே வளர்ந்தவர். ஸாக்ரெபில் ஓவியம் படித்து, 1926 முதல் இரண்டு வருடம் பாரிசிலும் இருந்துவிட்டுத் திரும்பினார். திரும்பியவருக்கு ஒரு அரிப்பு: பாரிஸ் பாணியில் பழக்கூடையும் நிர்வாணப் பெண்களுமாக வரைந்துகொண்டிருந்தால், நம் மண்ணுக்கு என்று ஒரு ஓவியம் எப்போது வரும்? 1929-இல் அவரும் கட்டடக் கலைஞர் திராகோ இப்ளர் உள்ளிட்ட சிலரும் சேர்ந்து ஒரு குழு தொடங்கினார்கள். குழுவின் பெயர் 'ஸெம்லியா'. அவர்கள் மொழியில் மண் என்று பொருள்.

1930-இல் கிராமத்துக்கு வந்தபோது, தன் உறவினர் நடத்திய கடையில், பொட்டலம் கட்டும் தாளில் யாரோ வரைந்திருந்த படங்களைப் பார்த்தார். வரைந்தவன் இவான் கெனராலிச், ஒரு விவசாயி மகன். 1914 டிசம்பரில் பிறந்தவன், அப்போது பதினைந்து வயது. அதே ஊரில் ஃபிரான்யோ ம்ராஸ் என்று இருபது வயது இளைஞனும் வரைந்துகொண்டிருந்தான். ஹெகெதூஷிச் இருவரையும் கூப்பிட்டு உட்காரவைத்தார். அஞ்சலட்டைப் படங்களைப் பார்த்து வரையாதே, உன் வீட்டு முற்றத்தை வரை, உன் மாட்டை வரை, என்பதுதான் முதல் பாடம். மறுவருடமே, 1931 செப்டம்பரில், ஸாக்ரெப் கலை மண்டபத்தில் ஸெம்லியா குழுவின் கண்காட்சியில் படித்த ஓவியர்களின் படங்களோடு இந்தப் பையன்களின் படங்களும் தொங்கின. கெனராலிச்சுக்கு அப்போது பதினேழு நிரம்பவில்லை. எனக்கு அந்த வயதில் கண்ணாடியை நேராக வெட்டவே வரவில்லை.

கொஞ்சம் தள்ளி ஜெலெகோவெட்ஸ் என்ற ஊரில் மிர்கோ விரியுஸ் இருந்தார். 1889-இல் பிறந்தவர், முதல் உலகப்போரில் ரஷ்யர்களிடம் கைதியாக இருந்துவிட்டு வந்தவர். அவர் ஓவியம் என்று உட்கார்ந்தது 1936-இல், நாற்பத்தேழு வயதில். இந்த மூவரும் முதல் தலைமுறை.

அப்புறம் பனிக்காலத்தை மறந்துவிடக்கூடாது. அங்கே நவம்பர் பிந்தியதும் நிலம் உறைந்துவிடும். மாட்டுக்குத் தீவனம் போடுவது தவிர வெளியே பெரிய வேலை இல்லை. அடுப்புக்குப் பக்கத்தில் மேஜை, மேஜையில் சாயம். பாதிப் படங்களில் பனி இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்: ஜன்னலுக்கு வெளியே தெரிந்தது அதுதான்.

கேள்வி (சென்னை, ஓவிய ஆசிரியர்): படித்த ஓவியர் ஒருவர் சொல்லிக்கொடுத்திருக்கிறார். பிறகு எப்படி இவர்களைத் தானே கற்றவர்கள் என்கிறீர்கள்?

நல்ல இடத்தில் பிடித்தீர்கள். இதை வைத்து ஸாக்ரெபிலேயே பல வருடம் சண்டை நடந்திருக்கிறது. ஹெகெதூஷிச் சொல்லிக்கொடுத்தது உண்மை, அதை மறைக்க வேண்டியதில்லை. அவர் இல்லாவிட்டால் கெனராலிச் பொட்டலத் தாளோடு நின்றிருப்பார் என்றுதான் நானும் நினைக்கிறேன்.

ஆனால் என்ன சொல்லிக்கொடுத்தார் என்று பாருங்கள். உடற்கூறு இல்லை. தூரத்துப் பொருளைச் சின்னதாக்கும் கணக்கு இல்லை. சாயம் எப்படிக் கலப்பது, கண்ணாடியில் எப்படி வரைவது, எதைப் பார்ப்பது, இவ்வளவுதான். நம் பக்கம் ஆசாரியிடம் உளி பிடிக்கக் கற்கிற பையனுக்கு என்ன கிடைக்குமோ அது. அவருக்கே இதில் ஒரு சோதனை நோக்கம் இருந்தது. ஓவியத் திறமை பணக்கார வீட்டிலும் பள்ளிக்கூடத்திலும் மட்டும் இருக்கும் சொத்து இல்லை என்று காட்ட நினைத்தார். ஆகவே இவர்கள் காட்டில் தானாக முளைத்த பூ என்ற கதை தவறு. ஆசிரியர் ஊட்டி வளர்த்தவர்கள் என்பதும் தவறு.

எனக்கு இதற்கு ஒரு அளவுகோல் இருக்கிறது. 1935-இல் அரசாங்கம் ஸெம்லியா குழுவைத் தடை செய்தது. ஆசிரியரின் மேடையே போய்விட்டது. சொல்லிக்கொடுத்ததால் மட்டும் வரைந்தவர்கள் என்றால் அதோடு தூரிகையைக் கீழே வைத்திருக்க வேண்டும். கெனராலிச் மேலும் ஐம்பது வருடம் வரைந்தார். அதிலும் ஆசிரியர் கை தெரியாத படங்கள்தான் நல்ல படங்கள். இரண்டாம் உலகப்போருக்குப் பிறகு கெனராலிச் தன் ஊர்ப்பக்கத்து ஆட்களுக்குச் சொல்லிக்கொடுக்கத் தொடங்கினார். ஃபிரான்யோ ஃபிலிப்போவிச், திராகன் காஜி, மியோ கொவாச்சிச் எல்லாம் அப்படி வந்தவர்கள். மாணவன் வாத்தியாராகிவிட்டான்.

கேள்வி (கும்பகோணம், கண்ணாடிக் கடைக்காரர்): கண்ணாடியில் எப்படி வரைகிறார்கள்? சாயம் ஒட்டுமா? தஞ்சாவூர்க் கண்ணாடிப் படம் மாதிரியா?

அதே குடும்பம்தான். உங்களுக்குத் தெரிந்த தஞ்சாவூர்க் கண்ணாடிப் படத்திலும் கிருஷ்ணரின் நகையும் கண்ணும் முதலில் வரும், பின்னணி கடைசியில் வரும். இங்கேயும் அப்படியே. நாம் பார்க்கிற பக்கத்துக்கு எதிர்ப்பக்கத்தில் வரைகிறார்கள். அதனால் எல்லாமே தலைகீழ் வரிசை.

முதலில் தாளில் கோட்டுப்படம். அதன்மேல் கண்ணாடியை வைத்து, தெரிகிற கோட்டைப் பின்பற்றி நுணுக்கங்களைப் போடுகிறார்கள். சேவலின் கண்ணில் உள்ள வெள்ளைப் புள்ளி முதலில். அப்புறம் கண். அப்புறம் தலை. அதற்குப் பின்னால் வேலி, வேலிக்குப் பின்னால் வீடு, எல்லாம் முடிந்தபின் வானம். சாதாரண ஓவியர் முதல் நாள் பூசும் வானத்தை இவர்கள் கடைசி நாளில் பூசுகிறார்கள். எண்ணெய்ச் சாயம் என்பதால் ஒரு அடுக்கு காயாமல் அடுத்ததைத் தொடக்கூடாது, தொட்டால் குழைந்துவிடும். கண்ணாடி எண்ணெயை உறிஞ்சாது, காற்றும் ஒரு பக்கம்தான் படும், ஆகவே காய நேரம் எடுக்கும். அதோடு இடமும் வலமும் மாறிவிடும். வலது கையில் அரிவாள் வேண்டுமென்றால் இடது கையில் கொடுக்க வேண்டும். கையெழுத்தைக்கூடத் திருப்பித்தான் எழுத வேண்டும்.

இந்த முறை ஹ்லேபினேக்காரர்கள் கண்டுபிடித்தது இல்லை. மத்திய ஐரோப்பாவில் கண்ணாடிப் பட்டறைகள் இருந்த ஊர்களில் புனிதர் படங்களை இப்படி வரைந்து, தலைச்சுமை வியாபாரிகள் ஊர் ஊராக விற்றார்கள். போத்ராவினாவிலும் வீட்டுச் சுவரில் மாதாவும் புனிதர்களும் இப்படித் தொங்கினார்கள். மக்கள் அதை மலிவான சாமிப்படம் என்று வைத்திருந்தார்கள். ஹெகெதூஷிச்தான் அதைக் கையில் எடுத்து, இதிலே மாட்டையும் மனிதனையும் வரையலாம் என்று காட்டினார். சாமி இருந்த இடத்தில் குடியானவன் வந்து உட்கார்ந்தான்.

பளபளப்புக்குக் காரணம் உங்களுக்கே தெரியும். சாயத்துக்கும் நம் கண்ணுக்கும் நடுவே வழவழப்பான கண்ணாடி. தூரிகைத் தடமே இல்லை. ஈரம் காயாத நிறம் மாதிரி இருக்கும். ஆனால் பலவீனமும் அங்கேதான். ஈரப்பதம் ஏறி இறங்கினால் சாயம் பின்பக்கத்தில் செதில் செதிலாக விடும். முன்னாலிருந்து பார்த்தால் அந்த இடம் வெளுத்து, நீர்க்குமிழி மாதிரி தெரியும். சென்னை மாதிரிக் கடலோர ஊரில் இதைச் சமையலறைச் சுவரில் மாட்டாதீர்கள். பின் அட்டை சாயத்தில் படாதபடி ஓரத்தில் நடுக்கட்டை வைத்துப் பூட்டுங்கள். நான் முதலில் கையாண்ட படத்தில் அட்டை நேராகச் சாயத்தோடு ஒட்டிக்கிடந்தது. அதைப் பிரிக்க ஒரு முழு மத்தியானம் பிடித்தது, வியர்வையில் மூக்குக்கண்ணாடி போட்டுக்கொள்ளவே முடியவில்லை.

கேள்வி (திருநெல்வேலி): படங்களில் ஒரே மாடும் பன்றியும் கல்யாணமும்தான் தெரிகிறது. இதில் அரசியல் எங்கே சார்?

முப்பதுகளின் படங்களைப் பாருங்கள். அப்போது குரோவேஷியா யூகோஸ்லாவிய முடியாட்சியின் கீழ் இருந்தது. 1928-இல் குரோவேஷிய விவசாயிகள் கட்சித் தலைவர் ஸ்டெபான் ராதிச்சை தலைநகர் பெல்கிரேட் நாடாளுமன்றத்துக்குள்ளேயே சுட்டார்கள். சில வாரங்களில் இறந்தார். 1929 ஜனவரியில் மன்னர் அலெக்சாந்தர் நாடாளுமன்றத்தைக் கலைத்துச் சர்வாதிகாரம் அறிவித்தார். அதே வருடம் உலகப் பொருளாதாரம் சரிந்து தானிய விலை விழுந்தது. விவசாயி கடனில் முழுகினான்.

கெனராலிச்சின் 1934-ஆம் வருடப் படம் ஒன்று 'ஜப்தி'. வரி கட்டாத வீட்டிலிருந்து பொருளை அள்ளிக்கொண்டு போகிறார்கள். நம்மூரில் அண்டா குண்டாவைத் தூக்கிக்கொண்டு போன கதைகளைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு விளக்கம் தேவையில்லை. விரியுஸின் 'பிச்சைக்காரன்' 1938. அவருடைய உழவர்களுக்குப் பெரிய கை, கனமான கால், முகத்தில் சிரிப்பு கிடையாது.

விரியுஸின் முடிவும் அரசியல்தான். இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் அவரைப் பிடித்துக்கொண்டு போனார்கள். 1943-இல் பெல்கிரேட் பக்கத்து ஸெமுன் வதைமுகாமில் இறந்தார். வரைந்தது மொத்தமே சில வருடங்கள். 1959-இல் கெனராலிச் 'விரியுஸின் மரணம்' என்று கண்ணாடியில் ஒரு படம் வரைந்தார். அதை மட்டும் பார்த்துவிட்டு, இவர்கள் வெள்ளந்தியா என்று நீங்களே சொல்லுங்கள்.

போருக்குப் பிறகு உண்மையாகவே தொனி மாறியது. ஜப்தியும் சவ ஊர்வலமும் குறைந்து, பவளக்கொடி மாதிரிக் கிளைவிட்ட மரங்களும் மாயமான வெளிச்சமும் வந்தன. 'கலைமான் கல்யாணம்' 1959, 'சூரிய கிரகணம்' 1961. அழகான படங்கள், மறுக்கவில்லை. என் மனசு இருப்பதென்னவோ ஜப்தியிடம்தான்.

கேள்வி (பெங்களூரு, ஐடி ஊழியர்): இது மதுபனி, வார்லி மாதிரிதானே?

இல்லை. பீகாரின் மதுபனி ஒரு மரபு. தாய் மகளுக்குச் சொல்லிக்கொடுத்து, கல்யாண வீட்டுச் சுவரில் தலைமுறை தலைமுறையாக வந்தது. ஹ்லேபினேயில் கெனராலிச்சுக்கு முன்னால் அப்படி ஒரு ஓவிய மரபு கிடையாது. தனித்தனி ஆட்கள், தனித்தனிக் கற்பனை, கீழே தனித்தனிக் கையெழுத்து.

நம் நாட்டில் நெருக்கமான இணை வேண்டுமென்றால் ஜன்கட் சிங் ஷியாமைச் சொல்வேன். போபாலில் பாரத் பவன் என்ற கலை மையம் 1982-இல் திறப்பதற்கு முன், ஓவியர் ஜே. சுவாமிநாதன் கிராமங்களுக்கு ஆள் அனுப்பிக் கலைஞர்களைத் தேடினார். பட்டன்கட் என்ற கோண்டுப் பழங்குடிக் கிராமத்தில் வீட்டுச் சுவரில் வரைந்துகொண்டிருந்த இளைஞர் ஜன்கட் கிடைத்தார். போபாலுக்கு வந்து தாளும் சாயமும் எடுத்தபின், அவருடைய உறவினர்களும் ஊர்க்காரர்களும் தொடர்ந்து வந்து ஒரு பாணியே உருவானது. நகரத்திலிருந்து போன படித்த ஓவியர், கிராமத்து இளைஞன், பின்னால் ஒரு பள்ளி: ஹ்லேபினேயில் ஐம்பது வருடத்துக்கு முன் நடந்தது போலவே இருக்கிறது. ஒரு வித்தியாசம், கெனராலிச் கடைசிவரை அந்த ஊர்ப்பக்கமே இருந்தார். ஜன்கட் 2001-இல் ஜப்பானில், வீட்டிலிருந்து வெகுதூரத்தில் இறந்துபோனார்.

கேள்வி (திருச்சி, பெயர் வேண்டாம் என்றவர்): உண்மையைச் சொல்லுங்கள், என் ஆறு வயதுப் பையனும் இப்படி வரைவான்.

வரையட்டும், சந்தோஷம். ஒரு கண்ணாடித் துண்டைக் கொடுத்து, வானத்தைக் கடைசியாகப் பூசச் சொல்லுங்கள். முடித்ததும் கடைக்குக் கொண்டுவாருங்கள், பிரேம் இலவசம்.

கேள்வி (யாழ்ப்பாணம்): எல்லாரும் ஹ்லேபினேக்காரர்தானா? வேறு யாரைத் தேடிப் பார்க்கலாம், அண்ணா?

இல்லை, நிறையப் பேர் வேறு ஊர். எனக்குப் பிடித்த வரிசையில் சொல்கிறேன், கலை வரலாற்று வரிசை இல்லை.

முதலில் எமெரிக் ஃபெயெஷ். 1904-இல் ஒசியெக்கில் பிறந்தவர், நோவி சாத் நகரில் வாழ்ந்தவர். பொத்தானும் சீப்பும் செய்கிற தொழிலாளி. உடம்பு முடியாமல் போனபின் நாற்பதுகளின் கடைசியில் வரைய ஆரம்பித்தார். மிலான், பாரிஸ், வெனிஸ் என்று நகரங்களாக வரைந்தார். ஆனால் அந்த ஊர்களை எல்லாம் பார்த்தது கறுப்பு வெள்ளை அஞ்சலட்டையில். நிறம் முழுக்க அவர் கற்பனை! மிலான் தேவாலயம் அவர் கையில் திருவிழாக் கடைப் பஞ்சுமிட்டாய் மாதிரி ஆகிவிட்டது. கோடு போடத் தூரிகைக்குப் பதில் தீக்குச்சியைக்கூடப் பயன்படுத்துவாராம்.

அடுத்து இவான் ரபூசின், 1921–2008. தச்சர். கண்ணாடி இல்லை, கேன்வாஸ். மேகமும் குன்றும் பூவும் எல்லாம் உருண்டை உருண்டையாக, ஆயிரம் புள்ளிகளால் ஆனவை. மனிதர்களே அரிது. ஜெர்மனியின் ரோஸன்தால் பீங்கான் நிறுவனம் அவர் வரைவைத் தேநீர்ப் பாத்திரங்களில் போட்டது. மரத்தில் கோணம் பார்த்து வேலை செய்த ஆள் படத்தில் ஒரு நேர்க்கோடுகூட விடவில்லை என்பது எனக்கு வேடிக்கையாக இருக்கும். நாள் முழுக்க மட்டப்பலகை வைத்து அளந்தவனுக்கு அது ஓய்வாக இருந்திருக்குமோ என்னவோ.

கண்ணாடியில் கைத்திறமைக்கு மியோ கொவாச்சிச். 1935-இல் பிறந்தவர். வெள்ளம், சதுப்பு, புயல், நடுவே எறும்புக்கூட்டம் மாதிரி ஜனங்கள். அவ்வளவு நுணுக்கத்தையும் தலைகீழ் வரிசையில் போட்டார் என்று நினைத்தால் எனக்குக் கை நடுங்கும். கோலா என்ற ஊரின் இவான் வெச்செனாய் (1920–2013) பைபிள் காட்சிகளைத் திராவா ஆற்றங்கரைக்கே கொண்டுவந்துவிட்டார். இயேசுவைச் சிலுவையில் அறைந்த கொல்கொதாவில், சுவிசேஷம் எழுதியவர்கள் நிற்கும் அவர் படம் 1966. அதில் வானத்தின் நிறம் எந்த நாட்டு வானத்திலும் இருக்காது. இவான் லட்ஸ்கோவிச் ஸாக்ரெபில் தபால்காரராக இருந்தவர். மெல்லிய கோட்டில், இலையுதிர்ந்த உயர்ந்த மரங்கள். அவருடைய சாயப் படங்களைவிடக் கோட்டுச் சித்திரங்கள் எனக்குப் பிடிக்கும்.

கெனராலிச்சின் மகன் யோசிப்பும் ஓவியர்தான், 1936–2004. அவரைத் தேடும் நேரத்தில் விரியுஸை இன்னொரு முறை பாருங்கள் என்பேன்.

கேள்வி (கோவை, குடும்பத் தலைவி): நீங்கள் சொன்ன பெயர் எல்லாம் ஆண்கள். அந்த ஊர்ப் பெண்கள் வரையவில்லையா?

வரைந்த பெண்கள் உண்டு, ஆனால் முதல் வரிசையில் வைத்துப் பேசப்பட்டவர்கள் ஆண்கள்தான். பனிக்காலத்தில் விவசாயிக்கு ஓய்வு என்று மேலே எழுதினேன் இல்லையா? அதை இப்போது உங்கள் கேள்வியோடு படித்தால் எனக்கே கூச்சமாக இருக்கிறது. அந்த ஓய்வு யாருக்கு? அடுப்பும் குழந்தையும் நூற்பும் பனிக்காலத்தில் நிற்காது.

பக்கத்து நாட்டில் ஒரு நல்ல விதிவிலக்கு இருக்கிறது. செர்பியாவின் வொய்வோதினாவில் கொவாச்சிட்சா என்று ஸ்லோவாக் மொழி பேசுபவர்களின் ஊர். அங்கேயும் 1939 முதல் விவசாயிகள் வரைகிறார்கள். அந்த ஊரின் மிகப் பிரபலமான பெயர்களில் ஒன்று சுஸானா ஹலுப்போவா (1925–2001). அவருக்குப் பிள்ளைகள் இல்லை. படம் முழுக்க, வட்ட முகமும் சிவந்த கன்னமுமாகக் குழந்தைகள். யூனிசெஃப் வாழ்த்து அட்டைகளில் அவர் படங்கள் உலகம் சுற்றின. கொவாச்சிட்சாவின் ஓவிய வழக்கத்தை 2024-இல் யுனெஸ்கோ தன் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது.

கேள்வி (துபாய்): வெளிநாட்டில் எப்போது பேர் கிடைத்தது? இப்போது வாங்கினால் லாபமா?

1953-இல் கெனராலிச் பாரிசில் கண்காட்சி வைத்தார். பிரெஞ்சு எழுத்தாளர் மார்செல் ஆர்லான் முன்னுரை எழுதினார். 1955-இல் சாவோ பாலோ, 1958-இல் பிரஸ்ஸல்ஸ் உலகக் கண்காட்சி. அதற்குப் பிறகு கதவு திறந்துவிட்டது. கம்யூனிஸ்ட் தலைவர் டிட்டோவின் யூகோஸ்லாவியாவுக்கும் இது வசதி: மாஸ்கோ பாணியும் இல்லை, நியூயார்க் பாணியும் இல்லை, நம் குடியானவன் பாணி என்று காட்டிக்கொள்ளலாம்.

பேர் வந்ததும் சந்தை வந்தது, சந்தை வந்ததும் சேவலும் பனியும் வைத்த படங்கள் அச்சு மாதிரி வர ஆரம்பித்தன. அறுபது எழுபதுகளில் போத்ராவினாவில் வரையாத வீடு குறைவு என்று வேடிக்கையாகச் சொல்வார்கள். போலிகளும் உண்டு. லாபத்துக்கு வாங்குவதென்றால் நான் யோசனை சொல்ல மாட்டேன். பிடித்து வாங்குவதென்றால் பின் அட்டையைத் திறந்து காட்டச் சொல்லுங்கள். உண்மையான கண்ணாடி ஓவியத்தில் பின்பக்கம் பூசல் மேடுபள்ளமாக இருக்கும், முன்பக்கத்தைவிட அசிங்கமாக இருக்கும். பின்னாலும் அழகாக, வழவழவென்று இருந்தால் கண்ணாடிக்குப் பின் அச்சுத் தாளை ஒட்டியிருக்கிறார்கள் என்று சந்தேகப்படலாம்.

கேள்வி (சேலம்): ஐரோப்பா போகிறோம், ஒரு நாள் ஒதுக்கலாமா?

தாராளமாக. ஸாக்ரெபின் மேல்நகரில், வண்ண ஓட்டுக்கூரை உள்ள புனித மாற்கு தேவாலயத்துக்குப் பக்கத்துத் தெருவில் அருங்காட்சியகம். சின்னது. நான் போனபோது சுற்றிவர ஒரு மணி நேரம் ஆனது, நகர மனசு வராமல் இன்னொரு மணி நேரம். 2020 மார்ச்சில் நிலநடுக்கம் அந்தப் பகுதிக் கட்டடங்களைப் பதம் பார்த்தது, ஆகவே திறந்திருக்கிறதா என்று கேட்டுக்கொண்டு போங்கள். ஹ்லேபினேயிலும் 1968 முதல் ஒரு கலைக்கூடம் இருக்கிறது. கொப்ரிவ்னிட்சாவரை ரயில், அங்கிருந்து கார். நேரமிருந்தால் பனிக்காலத்தில் போங்கள். மேகம் தாழ்ந்து, வயல் வெளுத்து, தூரத்தில் ஒரு சிவப்பு ஓடு தெரியும்போது, இவர்கள் கற்பனையாகச் சேர்த்தது நாம் நினைத்ததைவிடக் குறைவு என்று தெரியும்.

கேள்வி (தஞ்சாவூர், ஓய்வு பெற்ற ஆசிரியை): தம்பி, எனக்கு அறுபத்திரண்டு. இதுவரை ஒரு கோலம் தவிர எதுவும் வரைந்ததில்லை. கண்ணாடியில் முயற்சி செய்யலாமா?

செய்யுங்கள் அம்மா. கோலம் போட்ட கைக்குக் கோடு பயமில்லை. பழைய போட்டோ சட்டத்திலிருந்து ஒரு கண்ணாடியை எடுத்துக்கொள்ளுங்கள், மூன்று மில்லிமீட்டர் போதும். ஓரத்தை உப்புத்தாள் வைத்து தேய்த்துவிடுங்கள், கையை அறுக்கும். சோப்புத் தண்ணீரில் கழுவிக் காயவைத்து, அதன்பிறகு வரையும் பக்கத்தை விரலால் தொடாதீர்கள். எண்ணெய்ப் பிசுக்கு இருந்தால் சாயம் நழுவும். முதல் படத்துக்கு எண்ணெய்ச் சாயம் வேண்டாம், அக்ரிலிக் போதும், சீக்கிரம் காயும். கீழே கோட்டுப்படம் வையுங்கள். உங்கள் வீட்டு முற்றத்தையே வரையுங்கள், சாமிப்படம் அப்புறம் பார்க்கலாம்.

பெயரை முதல் நாளே, எல்லாவற்றுக்கும் முன்னால், திருப்பி எழுதிவிடுங்கள். நான் முதல் படத்தில் மறந்துவிட்டு, வானமெல்லாம் பூசி முடித்தபின் அதன்மேல் கையெழுத்துப் போட்டேன். அழகாக வந்தது. சுவர்ப்பக்கம் இருக்கிறது, இன்றுவரை யாரும் பார்த்ததில்லை.